பைலோத் தாளும் சீஸும்: இது யாருடைய சிற்றுண்டி?

நோன்பு மாதம் பிறந்துவிட்டால் நம் வீட்டுப் பெண்களின் வாட்ஸ்அப் குழுமங்களில் கஞ்சிக்கு முன்னரே கொதிக்கத் தொடங்குவது சமையல் வீடியோக்கள்தான். சமோசா, ரோல்ஸ், பெட்டிஸ், கட்லட் எல்லாம் பழகிப்போனவை. சில வருடங்களாக இன்னொன்றும் சேர்ந்திருக்கிறது. காகிதம்போல் மெல்லிய மாவுத் தாளுக்குள் சீஸ் வைத்து, முக்கோணமாக மடித்தோ விரல்போலச் சுருட்டியோ, பொன்னிறமாகச் சுட்டெடுப்பது. ஒருவர் அதைத் துருக்கிப் பண்டம் என்கிறார், இன்னொருவர் கிரேக்கப் பண்டம் என்கிறார், மூன்றாமவர் "அரபுநாட்டுச் சமோசா" என்று பெயர் வைத்துவிடுகிறார்.

வரலாறு படிப்பிக்கும் எங்களிடம் இந்தக் கேள்வி ஆசிரியர் ஓய்வறையில் வந்து சேர்ந்தது. "சேர், இது உண்மையில் யாருடையது?" ஒரு வரியில் பதில் சொல்லியிருக்கலாம். ஆனால் தேடிப் பார்த்தபோது இந்தச் சிறிய முக்கோணத்துக்குள் மூன்று பேரரசுகளும் இரண்டு பெரும் இடப்பெயர்வுகளும் மடிந்து கிடப்பது தெரிந்தது. ஆகவே கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறோம். பொறுமை இருப்பவர்கள் வாசியுங்கள். இல்லாதவர்கள் நேரே செய்முறைக்குப் போகலாம், அது பின்பாதியில் இருக்கிறது.

முதலில் பெயர்கள். "பைலோ" கிரேக்கச் சொல், இலை என்று அர்த்தம். துருக்கியர் தங்கள் தாளை "யுஃப்கா" என்பார்கள், அது பைலோவைவிடச் சற்றுத் தடிப்பானது. உள்ளே சீஸ் வைத்தால் கிரேக்கருக்கு அது தீரோபிதா, துருக்கியருக்குப் பெய்னிர்லி பொரெக். விரல்போலச் சுருட்டிப் பொரித்தால் சிகாரா பொரெக். பல்கேரியர் பானித்சா என்பார்கள். செபர்திய யூதர்களிடம் பொரேகாஸ். அல்ஜீரியாவில் பூரெக், அங்கே ரமழான் இரவில் அது இல்லாத மேசை குறைவு.

பொஸ்னியாவில் மட்டும் கவனமாக இருக்க வேண்டும். அங்கே "புரெக்" என்றால் இறைச்சி வைத்தது மட்டும்தான். சீஸ் வைத்ததைச் "சிர்னித்சா" என்று சொல்ல வேண்டும். "சீஸ் புரெக் தாருங்கள்" என்று சரயேவோவில் கேட்டால் கடைக்காரர் திருத்தாமல் விடமாட்டார். கொத்து ரொட்டிக்குள் கீரையை வைத்து "பீஃப் கொத்து" என்று சொன்னால் நாம் விடுவோமா?

இனி, முதலில் செய்தது யார் என்ற சண்டை.

கிரேக்கத் தரப்புக்குச் சாதகமாகக் காட்டப்படும் பழைய சான்று உரோமருடையது. கேட்டோ என்ற உரோமர், கி.மு. 160ஆம் ஆண்டளவில் விவசாயம் பற்றி ஒரு நூல் எழுதினார். அதில் "பிளசென்டா" என்ற பண்டத்துக்குச் செய்முறை இருக்கிறது. காய்ந்த மாவுத் தகடுகளுக்கிடையே செம்மறியாட்டுப் பாலின் சீஸும் தேனும் கலந்து, அடுக்கடுக்காக வைத்து, மூடிச் சுடுவது. அளவைக் கேட்டால் வியப்பீர்கள்: சீஸ் மட்டும் 14 உரோம இறாத்தல், தேன் நாலரை. சீஸைத் தண்ணீரில் ஊறவைத்து மூன்று தடவை தண்ணீரை மாற்றச் சொல்கிறார். இந்தப் பெயர் இன்னும் சாகவில்லை. ருமேனியாவில் சீஸ் வைத்த மாப்பண்டத்துக்கு "பிளச்சிந்தா" என்றே பெயர். ஆகவே மாவுக்கும் மாவுக்கும் இடையில் சீஸ் வைக்கும் யோசனை துருக்கியர் அனதோலியாவுக்கு வருவதற்கு ஆயிரம் வருடங்களுக்கு மேல் முந்தியது. அதில் சந்தேகத்துக்கு இடமில்லை.

ஆனால் கேட்டோவின் தகடு பைலோ அல்ல. அது தடித்த, காய்ந்த தகடு.

மறுதரப்பின் சான்று பக்தாதிலிருந்து வருகிறது. 11ஆம் நூற்றாண்டில், 1070களில், மஹ்மூத் அல்-காஷ்கரி என்ற அறிஞர் துருக்கிய மொழிகளுக்கு அரபியில் ஓர் அகராதி எழுதினார். துருக்கியரின் ஆட்சிக்குள் வந்துவிட்ட அரபு உலகம் அவர்களது மொழியைப் படிக்கட்டும் என்பது நோக்கம். இன்று அதற்கு ஒரே ஒரு கையெழுத்துப் பிரதிதான் இருக்கிறது. 1266ல் படியெடுக்கப்பட்டது. நூற்றுக்கணக்கான வருடங்கள் எங்கோ கிடந்து, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இஸ்தான்பூலில் அலி எமிரி என்ற புத்தகப் பைத்தியக்காரரின் கையில் கிடைத்தது. அந்த அகராதியில் "யுஃப்கா"வின் பழைய வடிவம் மெல்லிய ரொட்டி என்ற பொருளில் வருகிறது. மடித்த, அடுக்கிய ரொட்டி வகைகளுக்கும் சொற்கள் இருக்கின்றன.

அமெரிக்க உணவு வரலாற்றாசிரியர் சார்ள்ஸ் பெரி இதை வைத்து ஒரு நல்ல வாதம் வைத்தார். நாடோடி மக்களிடம் கட்டி நிறுத்திய தந்தூர் அடுப்பு கிடையாது. இரும்புத் தட்டும் கொஞ்சம் சுள்ளியும்தான் இருக்கும். அதில் தடித்த ரொட்டி வேகாது, மெல்லியதுதான் வேகும். தடித்த ரொட்டியில் ஆசை வந்தால் என்ன செய்வது? மெல்லியவற்றை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிவிடுவது. வறுமையிலும் அலைச்சலிலும் பிறந்த ஓர் ஏற்பாடு. மாளிகைச் சமையலறைக்கு வந்தபோது அதே ஏற்பாடு ஆடம்பரமாகிவிட்டது.

எங்கள் கணிப்பைக் கேட்டால், சீஸை மாவுக்குள் வைப்பது மத்தியதரைக் கடலின் பழைய பழக்கம். தாளை இலைபோல மெலிதாக்கி அடுக்குவது துருக்கியர் கொண்டுவந்தது. இரண்டும் சந்தித்த இடம் அனதோலியாவும் இஸ்தான்பூலும். இதைக் கிரேக்க நண்பரிடம் சொன்னால் அவர் முகம் சுளிப்பார். துருக்கி நண்பரும் முழுதாகச் சிரிக்கமாட்டார். அதனாலேயே சரியாக இருக்குமென்று நினைக்கிறோம்.

இஸ்தான்பூலின் தொப்காப்பி மாளிகைச் சமையலறைகளை இன்றும் பார்க்கலாம். 1574ல் தீ பிடித்தபின் அவற்றைத் திருப்பிக் கட்டியவர் மாபெரும் கட்டடக் கலைஞர் சினான். வரிசையாக நிற்கும் அந்தப் புகைக்கூண்டுகளின் கீழே ஆயிரக்கணக்கானோருக்குத் தினமும் சமையல் நடந்தது. நமக்குச் சுவையான ஒரு விடயம் ரமழானோடு சம்பந்தப்பட்டது. ரமழான் 15ஆம் நாள் சுல்தான் தனது யனிசரிப் படையினருக்குப் பக்லாவா கொடுப்பார். பத்து வீரருக்கு ஒரு தட்டு. தட்டுகளைத் துணியில் கட்டி, கம்பில் தொங்கவிட்டு, தோளில் சுமந்து, வீதி முழுக்க மக்கள் பார்க்க ஊர்வலமாகப் போவார்கள். அன்புக்காக மட்டும் கொடுத்ததாக நினைக்க வேண்டாம். கோபம் வந்தால் சமையல் அண்டாவைக் கவிழ்த்துக் கலகம் செய்யும் படை அது, சுல்தான்களையே இறக்கிய படை. இனிப்புக் கொடுத்து வாயைக் கட்டுவது அரசியலில் புதிதல்ல. 1826ல் இரண்டாம் மஹ்மூத் அந்தப் படையையே கலைத்தார். ஊர்வலமும் அதோடு நின்றது.

தாள் நிற்கவில்லை. உஸ்மானிய நிர்வாகி போன இடமெல்லாம் அதுவும் போனது. பொல்கன் மலைகள், சிரியா, எகிப்து, தூனிஸ், அல்ஜியர்ஸ். அந்தந்த ஊர் தன்னிடம் இருந்ததை உள்ளே வைத்தது. தூனிஸில் முழு முட்டை, பொஸ்னியாவில் உருளைக்கிழங்கும் கீரையும், மேய்ச்சல் நிலம் இருந்த இடமெல்லாம் சீஸ்.

யூதர்களின் பொரேகாஸ் எப்படி வந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1492ல் கிரனாடா வீழ்ந்தது. அதே வருடம் ஸ்பெயினிலிருந்து யூதர்கள் விரட்டப்பட்டார்கள். (முஸ்லிம்களின் முறை கொஞ்சம் பிந்தி வந்தது.) சுல்தான் இரண்டாம் பாயசித் யூதர்களை ஏற்றுக்கொண்டார். பெரும் தொகையினர் சலோனிக்காவில் குடியேறினர். ஸ்பெயினில் அவர்கள் செய்துவந்த எம்பனாடா என்ற, உள்ளே வைத்து மடித்த பண்டமும், புதிய ஊரின் பொரெக்கும் சேர்ந்து பொரேகாஸ் ஆயின. ஸ்பானிய வால் ஒட்டிய துருக்கியச் சொல் அது. நான்கரை நூற்றாண்டு அவர்கள் சலோனிக்காவில் அதைச் சுட்டார்கள். 1943ல் நாசிகள் அந்த நகரத்து யூதர்களில் 45,000க்கும் அதிகமானோரை ரயிலேற்றி ஒஷ்விட்சுக்கு அனுப்பினார்கள். திரும்பியவர்கள் மிகச் சிலர். இன்று ஒரு பண்டத்தின் பெயரைச் சொல்லும்போது, அதைச் செய்த தெருக்கள் இல்லை என்பதும் நினைவில் இருக்கட்டும்.

அதே சலோனிக்காவின் முஸ்லிம்கள் அதற்கு இருபது வருடம் முன்னரே போய்விட்டிருந்தார்கள். இது எங்கள் பாடப் புத்தகங்களில் இடம்பெறாத கதை.

1923 ஜனவரி 30ல் லோசான் நகரில் கிரேக்கமும் துருக்கியும் ஓர் ஒப்பந்தம் செய்தன. துருக்கியில் உள்ள ஓர்த்தடொக்ஸ் கிறிஸ்தவர்கள் கிரேக்கத்துக்கு, கிரேக்கத்தில் உள்ள முஸ்லிம்கள் துருக்கிக்கு. கட்டாயமாக. இஸ்தான்பூலின் கிரேக்கருக்கும் மேற்கு திரேசின் முஸ்லிம்களுக்கும் மட்டும் விலக்கு. கிரேக்கத்துக்கு வந்தவர்கள் சுமார் 12 இலட்சம், அவர்களில் பெரும்பாலானோர் 1922 போரிலேயே ஓடி வந்தவர்கள். மறுபக்கம் போனவர்கள் 4 இலட்சம் வரை.

பிரித்த அளவுகோலைக் கவனியுங்கள். மொழியல்ல, மதம். அனதோலியாவின் உள்ளே கரமன்லி என்ற ஒரு சமூகம் இருந்தது. ஓர்த்தடொக்ஸ் கிறிஸ்தவர்கள், ஆனால் வீட்டில் பேசியது துருக்கி. துருக்கி மொழியைக் கிரேக்க எழுத்தில் எழுதியவர்கள். "தாய்நாட்டுக்கு" என்று கப்பலேற்றப்பட்டு, ஒரு சொல்லும் புரியாத நாட்டில் இறங்கினார்கள். கிரேத்தாத் தீவின் முஸ்லிம்களோ கிரேக்கம் மட்டுமே பேசியவர்கள். அவர்கள் துருக்கிக் கரையில் இறக்கப்பட்டார்கள். தமிழைத் தாய்மொழியாகக் கொண்டும், "நீங்கள் தமிழரா, முஸ்லிமா" என்று படிவத்தில் கேட்கப்படும் நமக்கு இது புரிவதற்கு விளக்கவுரை தேவையில்லை.

அந்த அகதிகள் கிரேக்கத்தில் என்ன செய்து பிழைத்தார்கள்? பலர் தெரிந்த தொழிலைச் செய்தார்கள். சலோனிக்காவிலும் செரெஸிலும் புகாத்சா கடைகள் போட்டார்கள். தாளை மேசையில் காற்றில் வீசி விரித்து, உள்ளே சீஸோ இறைச்சியோ கஸ்டர்டோ வைத்து, சுட்டு, வெட்டி விற்பது. அவர்களைத் "துருக்கி விதை" என்று ஏசிய உள்ளூரவர்கள்தான் காலையில் வரிசையில் நின்று வாங்கினார்கள். இன்று அது வட கிரேக்கத்தின் பெருமை.

இப்படி இன்னோர் உதாரணமும் உண்டு. யூகோஸ்லாவியக் காலத்தில் தெற்கிலிருந்து வேலைக்கு வந்த பொஸ்னியரும் அல்பேனியரும் ஸ்லோவேனியாவில் புரெக் விற்றார்கள். 1980களில் லுப்லியானா நகரச் சுவர்களில் "புரெக்? வேண்டாம், நன்றி" என்ற பொருளில் எழுதினார்கள். வேண்டாமென்றது மாவையா, மனிதரையா என்று எல்லோருக்கும் தெரியும். இரவில் பசித்தால் அதே கடைக்குத்தான் போனார்கள் என்பது வேறு விடயம். 1992 முதல் 1996 வரை சரயேவோ முற்றுகையிடப்பட்டபோது சீஸ் ஏது? நிவாரணப் பால்மாவில் வினாகிரி விட்டுச் சீஸ் என்று பெயர் வைத்துப் பிள்ளைகளுக்குக் கொடுத்த தாய்மார் இருந்தார்கள்.

1990 ஒக்டோபர் இறுதியில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட சுமார் 75,000 பேரில் எங்கள் குடும்பங்களும் உண்டு. உடுத்த உடுப்போடும் கொஞ்சக் காசோடும் புத்தளத்துக்கு வந்தவர்கள். உம்மும்மா கொண்டுவந்தது கைப்பக்குவம் மட்டும்தான். ஆகவே கரமன்லிகளைப் பற்றி வாசித்தபோது அவர்கள் அந்நியராகத் தெரியவில்லை. இதற்குமேல் இங்கே எழுதப்போவதில்லை, அது தனிப் பதிவாக வர வேண்டிய விடயம்.

சரி, வீட்டில் செய்வதற்கு வருவோம். வரலாறு தெரிந்தவருக்குச் செய்முறையின் காரணங்கள் இலகுவில் விளங்கும்.

பைலோத் தாள் நம் ஊரில் பெரிய சுப்பர் மார்க்கட்டுகளின் உறைநிலைப் பெட்டியில் கிடைக்கிறது. முதல் நாள் இரவே எடுத்து பிரிட்ஜின் கீழ்த் தட்டில் வைக்க வேண்டும். நோன்பு திறக்க ஒரு மணித்தியாலம் இருக்கையில் எடுத்து மேசையில் வைத்தால், வெளித் தாள்கள் ஈரமாகி ஒட்டும், உள்ளே கட்டியாக இருக்கும், பிரிக்கும்போது கிழியும். அப்புறம் நோன்பு நேரத்தில் வாயில் வரக்கூடாத வார்த்தை வரும்.

தாளில் மா, தண்ணீர், உப்பு, கொஞ்சம் எண்ணெய் அவ்வளவுதான். புளிப்பேற்றும் பொருள் எதுவும் இல்லை. பிறகு எப்படிப் பொங்கி மொறுமொறுப்பாகிறது? தாளுக்கும் தாளுக்கும் இடையில் நாம் பூசும் பட்டர்தான் வேலை செய்கிறது. பட்டர் தாள்களை ஒன்றோடொன்று ஒட்டவிடாமல் பிரித்து வைக்கிறது. சூட்டில் மாவிலும் உள்ளீட்டிலும் உள்ள ஈரம் ஆவியாகி இடையில் புகுந்து தாள்களைத் தூக்குகிறது. பட்டர் பூசாமல் விட்ட இடம் அட்டையாகிவிடும். நெய் இருந்தால் இன்னும் நல்லது, அதில் தண்ணீர் இல்லை. பிரித்த தாள்களைச் சற்றே ஈரமான துணியால் மூடி, ஒவ்வொன்றாக எடுங்கள். பத்து நிமிடம் காற்றுப் பட்டால் சருகாகிவிடும்.

சீஸ். கிரேக்கர் ஃபெட்டா போடுவார்கள். 2002 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தில் அந்தப் பெயர் கிரேக்கத்துக்கு மட்டுமே சொந்தம். குறைந்தது 70 வீதம் செம்மறியாட்டுப் பால், மிகுதி வெள்ளாட்டுப் பால் என்று சட்டமே இருக்கிறது. துருக்கியர் தங்கள் வெள்ளைப் பெய்னிரைப் போடுவார்கள். இரண்டும் உப்புநீரில் கிடப்பவை, இரண்டும் சூட்டில் இளகுமே தவிர உருகி ஓடாது. இதுதான் முக்கியம். கடையில் வாங்கும் சாதாரண செடார் சீஸை மட்டும் வைத்தால் அது உருகி, மடிப்பைத் திறந்து, தட்டில் ஓடிக் கருகும்.

ஃபெட்டா விலை நமக்குத் தெரியும். மாற்று இருக்கிறது. ஒரு லீற்றர் பாலைக் கொதிக்கவைத்து, தேசிக்காய்ப் புளி விட்டுத் திரைத்து, துணியில் வடித்து, பாரம் வைத்து எடுங்கள். எருமைத் தயிரைத் துணியில் கட்டி ஓர் இரவு தொங்கவிட்டுக் கிடைக்கும் கெட்டித் தயிரை இரண்டு மூன்று மேசைக்கரண்டி அதில் சேருங்கள். உப்பு கொஞ்சம் தூக்கலாக, ஒரு முட்டை, மிளகுத்தூள், பொடியாக அரிந்த கொத்தமல்லித் தழை. புளிப்பும் உப்பும் சேர்ந்து ஃபெட்டாவுக்குப் பக்கத்தில் வந்துவிடும். உண்மையான ஃபெட்டா வாங்கினால் உப்பே சேர்க்க வேண்டாம், கேட்டோ சொன்னதுபோலத் தண்ணீரில் கொஞ்சம் ஊறவைத்தால் கடுப்புக் குறையும்.

ஒரு தாளில் பட்டர் பூசி, அதன்மேல் இன்னொன்று வைத்துப் பூசி, மூன்று விரல் அகலத்தில் நீளமாக வெட்டுங்கள். ஓர் ஓரத்தில் ஒரு தேக்கரண்டி உள்ளீடு. அதற்கு மேல் வைக்க வேண்டாம், வெடிக்கும். பிறகு மடிப்பதை நம்மவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. சமோசா மடிப்பேதான். மேலே பட்டர் பூசி, துருக்கியர் செய்வதுபோலக் கருஞ்சீரகம் தூவி, 180 பாகை செல்சியஸ் சூட்டில் 20 முதல் 25 நிமிடம். அவன் இல்லாதவர்கள் சுருட்டி, நுனியைத் தண்ணீர் தொட்டு ஒட்டி, மிதமான எண்ணெயில் பொரிக்கலாம், அது சிகாரா பொரெக். மடித்ததைச் சுடாமல் உறைய வைத்துக்கொண்டு, தேவையான அன்று நேரடியாக அவனில் வைக்கலாம். பாடசாலை விட்டு அசரோடு வீட்டுக்கு வரும் ஆசிரியைகளுக்கு இது பெரிய உபகாரம்.

அந்த முக்கோண மடிப்பு எப்படி நம் கைக்குத் தெரிந்திருந்தது?

இந்தப் பண்டத்தின் ஒரு கிளை மேற்கே போனது என்றால், அதன் உறவுக்காரர் ஒருவர் கிழக்கே வந்தார். பாரசீகத்தில் சன்பூசக், அரபியில் சன்பூசஜ். 10ஆம் நூற்றாண்டில் இப்னு சய்யார் அல்-வர்ராக் தொகுத்த பக்தாத் சமையல் நூலில் இருக்கிறது. 1226ல் முஹம்மத் அல்-பக்தாதி எழுதிய நூலிலும் இருக்கிறது. அப்பாசிய அரசவையில் அதைப் புகழ்ந்து கவிதை படித்திருக்கிறார்கள், வரலாற்றாசிரியர் மஸ்ஊதி பதிந்து வைத்திருக்கிறார். பிறகு டில்லி. முஹம்மத் பின் துக்ளக்கின் விருந்தில் பரிமாறியதை இப்னு பதூதா எழுதுகிறார்: கொத்திய இறைச்சியை வாதுமை, பிஸ்தா, வெங்காயம், வாசனைத் திரவியங்களோடு சமைத்து, மெல்லிய ரொட்டியில் பொதிந்து, நெய்யில் பொரித்தது.

அதே இப்னு பதூதா 1344ல் நம் நாட்டுக்கு வந்தார். அவர் "பத்தாலா" என்று எழுதிய, ஆய்வாளர்கள் புத்தளம் என்று அடையாளம் காணும் கரையில் இறங்கினார். கரையோரம் கறுவா மரங்கள் குவிந்து கிடந்ததைப் பார்த்தார். ஆரியச் சக்கரவர்த்தி அவரைப் பாரசீக மொழி புரிந்தவராக வரவேற்றார். அங்கிருந்து பாவா ஆதம் மலைக்கும் போனார். சன்பூசக் என்ற சொல் புரியும் ஓர் அரசரும் அதைச் சாப்பிட்ட ஒரு பயணியும் புத்தளத்தில் உட்கார்ந்து பேசியிருக்கிறார்கள் என்று நினைத்துப் பார்க்க எங்களுக்குப் பிடிக்கும். மேசையில் என்ன இருந்தது என்று மட்டும் அவர் எழுதவில்லை!

நம் மலாய்ச் சகோதரர்களின் "பஸ்தோல்" இன்னொரு வழி. போர்த்துக்கேயரின் பாஸ்டெல் மலாய்த் தீவுகளுக்குப் போய் அங்கிருந்து வந்த பெயர்.

கடைசியாக ஒரு விடயம். கடையில் தாள் வாங்கும் காலத்துக்கு முன் நம் உம்மும்மாமார் சமோசாவுக்கு எப்படித் தாள் செய்தார்கள் என்று ஞாபகம் இருக்கிறதா? நாலைந்து சின்ன ரொட்டிகளைத் தட்டி, ஒவ்வொன்றுக்கும் எண்ணெய் பூசி மா தூவி, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, எல்லாவற்றையும் சேர்த்து ஒரே உருட்டில் உருட்டுவார்கள். சட்டியில் இரண்டு பக்கமும் இலேசாகக் காட்டி, சூட்டோடு ஒவ்வொரு தாளாக உரிப்பார்கள். விரல் சுடும், ஆனால் தாள் கிழியாது. அனதோலியாவின் கிராமங்களில் பக்லாவாவுக்குத் தாள் உருட்டும் பெண்கள் இன்றும் இப்படித்தான் பல உருண்டைகளை இடையில் மாப்பொடி தூவி அடுக்கி, மெல்லிய நீளக் கம்பால் ஒன்றாக உருட்டுகிறார்கள். சட்டியில் காட்டுவது மட்டும் இல்லை.

உங்கள் வீட்டில் இப்படித் தாள் உரிக்கத் தெரிந்தவர்கள் இன்னும் இருக்கிறார்களா? காத்தான்குடி, பேருவளை, அக்குறணை, மன்னார், எந்த ஊராக இருந்தாலும் சரி, அந்த ரொட்டிக்கு உங்கள் ஊரில் என்ன பெயர் என்று எழுதுங்கள். எங்கள் தரம் 10 பிள்ளைகள் ஊர் ஊராகப் பெயர்களைச் சேகரித்து வருகிறார்கள், அவர்களுக்கு உதவும்.